குடைமிஸ்ஸி பாட்டு

குடைமிஸ்ஸி பாட்டு ரேடியோவில் முதன்முதல் ஒலித்த மாசி மாதத்தில் ஓடைமுனை முழுக்க அதைப் பாடியது. வள்ளம் தள்ளுகிறவர்கள் பாடினார்கள், பாண் விற்கிறவன் சைக்கிள் மணியை அடித்தபடி பாடினான், பிள்ளையார் கோயிலடியில் பூக்கட்டுகிற பெண்கள் நாரைப் பல்லில் கடித்துக்கொண்டே பாடினார்கள், பள்ளிவாசலுக்கு முன்னால் தேத்தண்ணிக் கடை வைத்திருந்தவர் கிளாசில் கரண்டியால் தட்டிப் பாடினார், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் வாய்ப்பாட்டையே அந்த மெட்டில் சொன்னார்கள். பாடாதவர்கள் இரண்டு பெண்கள்தான், அதை ஒருவரும் கவனிக்கவில்லை. பாட்டு இப்படிப் போகும்:

*குடை மிஸ்ஸி வாறா வாறா, டக்கு டிக்கு டா,*
*ஒரு கால் இண்டைக்கு, ஒரு கால் நாளைக்கு, டக்கு டிக்கு டா,*
*பிள்ளை பிறந்து பள்ளிக்கும் போச்சு, டக்கு டிக்கு டா,*
*இன்னும் மிஸ்ஸி வாறா வாறா.*

பாடாதவர்களில் ஒருத்தி அந்த மிஸ்ஸியேதான். எமில்டா ஊருக்கு அரசாங்க மருத்துவிச்சி. சின்ன வயதில் வந்த இளம்பிள்ளைவாதம் அவளுடைய இடதுகாலைச் சூம்பவைத்துவிட்டுப் போயிருந்தது. ஆண்கள் பிடிக்கிற பெரிய கறுப்புக் குடை ஒன்றை வெயிலுக்கு விரித்தும் மற்ற நேரம் ஊன்றியும், ஒரு நீள அடி, ஒரு குட்டை அடி, பிறகு குடைமுனை தரையில் படுகிற சத்தம் என்று அவள் நடந்து போகாத ஒழுங்கை ஓடைமுனையில் இல்லை. தெருவில் ஓடித்திரிந்த சின்னப் பிள்ளைகள் முக்கால்வாசிப் பேரை முதலில் தூக்கிய கை அவளுடையது.

மற்றவள் ஜெசிந்தா. அந்தப் பாட்டைக் கட்டி, கிற்றாரோடு பாடி, கொழும்பில் இசைத்தட்டாக்கி, பேப்பரில் படம் வருகிற அளவுக்குப் பெயர் வாங்கிய பெனடிக்கின் கூடப்பிறந்த அக்கா.

பாட்டு பிறந்தது அதற்கு முந்திய மழைக்காலத்தில். ஜெசிந்தாவின் புருஷன் மரியதாஸ் தெற்குக் கடலில் தொழிலுக்குப் போயிருந்தான். மத்தியானச் சோறு ஆறுவதற்குள் நிறைமாதமாக இருந்த அவளுக்குப் பிள்ளைநோ தொடங்கியது, தம்பியைக் கூப்பிட்டு மிஸ்ஸியைக் கூட்டி வா என்றாள், பெனடிக் சைக்கிளை எடுத்துக்கொண்டு பறந்தான். வழியில் கோயில் மண்டபம் இருந்தது. இன்றைக்கு நான் வரேல்லை என்று அங்கே பாட்டுப் பழகும் கூட்டாளிகளுக்குச் சொல்வதற்காக ஒரு காலை நிலத்தில் ஊன்றி நின்றான். உள்ளே யாரோ மேளத்தில் தட்டினார்கள், அந்தத் தட்டிலிருந்து ஒரு மெட்டு எழும்பி அவனுடைய தலைக்குள் வந்து உட்கார்ந்தது. அவன் அதுவரை கேட்டிராத அளவுக்குச் சந்தோஷமான மெட்டு அது. விட்டுவிட்டுப் போனால் பறந்துவிடும் என்று பயந்து ஒருதரம் மட்டும் வாசித்துப் பார்க்கலாம் என்று கிற்றாரைக் கையில் வாங்கினான். திரும்பக் கீழே வைத்தபோது மழை விட்டிருந்தது, வெயில் கடலின் விளிம்புக்குப் போயிருந்தது.

எமில்டாவைப் பின்னால் ஏற்றிக்கொண்டு அவன் மூச்சிரைக்க மிதித்ததும், மிதிக்கும்போதே மறதியாக அந்த மெட்டை முனகியதும், கரியரில் இருந்த அவளுக்கு முதுகு வழியாகக் கேட்டது. வீட்டில் அயலட்டைப் பெண்கள் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்கள். பெண்பிள்ளை, கழுத்தில் கொடி சுற்றியிருந்தது, உடம்பில் இன்னும் சூடு இருந்தது. எமில்டா தெரிந்ததையெல்லாம் செய்துபார்த்தாள். பிறகு கையைக் கழுவிக்கொண்டு வந்து கேட்டாள்.

"எப்ப நோ துவங்கினது?"

"மத்தியானம்," என்றாள் ஜெசிந்தா.

எமில்டா பெனடிக்கைப் பார்த்தாள். அவன் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

அயலட்டைப் பெண்கள் போன பிறகு ஜெசிந்தா அவளுடைய கையைப் பிடித்துக்கொண்டாள். "மிஸ்ஸி, இவர் வந்து கேட்டா, நீங்கள் பிந்தி வந்ததெண்டு இருக்கட்டும். தம்பி பிந்தினவன் எண்டு தெரிஞ்சா இவர் அவனை வெட்டிப்போடுவார். பிள்ளையும் போய், தம்பியும் போய், இவரும் ஜெயிலுக்குப் போனா எனக்கு ஆர் இருக்கினம்?"

எமில்டா வாக்குக் கொடுத்தாள். மரியதாஸ் கடலால் வந்து வாசலில் நின்று கேட்டபோது, "ஓம், நான் பிந்திப்போனன்," என்றாள். அவன் திரும்பிப் போனான். அதன்பிறகு ஊர் அதைத் தன் வாயில் வைத்துச் சப்பிக்கொண்டிருந்தது: மிஸ்ஸி பாவம், கால் இயலாது, பிந்திப்போனா, பிள்ளை போச்சு. அவள் அதைச் சகித்தாள், தான் கொடுத்த வாக்கின் பாரம் இவ்வளவுதான் என்று நினைத்தாள். ஆனால் பெனடிக்கிடம் ஒரு மெட்டு இருந்தது, சொல் இருக்கவில்லை. சொல்லைத் தேடி அவன் தூரப் போகவில்லை, ஊர் ஏற்கெனவே சொல்லிக்கொண்டிருந்ததை எடுத்து மெட்டில் போட்டான். அது அளவெடுத்துத் தைத்த சட்டைபோலப் பொருந்திவிட்டது.

சித்திரையில் அவன் பூப்போட்ட சட்டையும் அகலக் கால்சட்டையுமாக ஊருக்கு வந்தபோது எமில்டா அவனைத் தேடிப் போனாள்.

"பெனடிக், உண்மை உனக்குத் தெரியும்."

"ஐயோ மிஸ்ஸி, அது சும்மா பகிடிப்பாட்டு. உங்களைத்தான் எண்டு ஆருக்குத் தெரியும்?"

"என்ர குடையைப் போட்டிருக்கிறாய். என்ர காலைப் போட்டிருக்கிறாய். பிள்ளையையும் போட்டிருக்கிறாய்."

அவன் சிரித்தான், வெட்கத்தில் வந்த சிரிப்புத்தான், ஆனாலும் சிரிப்பு. "சனம் எவ்வளவு சந்தோஷப்படுதெண்டு பாருங்கோவன்," என்றான்.

அந்தச் சிரிப்பை அவள் வீட்டுக்குக் கொண்டுபோனாள். பங்குனியில் கோயிலில் கல்யாண ஓலை வாசித்து, வைகாசியில் அவளைக் கட்ட இருந்த சூசைநாதன் என்கிற அரசாங்கக் கச்சேரிக் கிளாக்கர், கந்தோரில் எல்லாரும் தன் மேசையில் தாளம் போடுகிறார்கள், அம்மாவுக்கு அது ஒரு மாதிரி இருக்கிறது, கல்யாணம் வேண்டாம் என்று ஆள்விட்டுச் சொன்னபோதும் அவள் அழவில்லை. பிரசவத்துக்குப் போன வீடுகளில் நோவில் கிடந்தவளே அவளுடைய காலடிச் சத்தம் கேட்டுச் சிரித்தாள். வேலை முடிந்து திரும்பும்போது பிள்ளைகள் பின்னால் வரிசையாக வந்தார்கள். அவர்களில் ஒவ்வொருவரும் எந்தப் பக்கம் தலைவைத்துப் பிறந்தார்கள் என்று அவளுக்குத் தெரியும். ஒருவரையும் அவள் திரும்பிப் பார்க்கவில்லை, ஆனால் ஒருவரையும் மறக்கவும் இல்லை.

ஆனியில் அந்தோனியார் திருநாள் வந்தது. கோயில் முற்றத்தில் பெட்டி ஸ்பீக்கர் கட்டி அந்த இசைத்தட்டைப் போட்டார்கள். முடிய முடியத் திரும்பவும் போட்டார்கள். வேதக்காரர், சைவக்காரர், முஸ்லிம்கள் என்று வித்தியாசமில்லாமல் ஊர் இறங்கி ஆடியது. குடை வைத்திருந்தவர்கள் குடையை ஊன்றி ஆடினார்கள், இல்லாதவர்கள் கம்பை ஊன்றி ஆடினார்கள், இடதுகாலை இழுத்து இழுத்து ஆடினார்கள். ஜெசிந்தா கோயில் மதிலோரம் நின்று பார்த்தாள். கூட்டத்தின் நடுவில் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு, கடைவாய் தெரியச் சிரித்துக்கொண்டு மரியதாஸ் ஆடிக்கொண்டிருந்தான்.

மறுநாள் விடிய ஓடைமுனைக்கு இடதுகால் குட்டையாகிவிட்டது.

கட்டிலால் இறங்கினவர்கள் ஒரு பக்கம் சாய்ந்தார்கள், சுவரைப் பிடித்தார்கள், மற்றவர்களும் பிடித்திருப்பதைக் கண்டார்கள். ஆஸ்பத்திரி டொக்டர் நாடா வைத்து அளந்து இரண்டு காலும் ஒரே நீளம்தான் என்று சொல்லிவிட்டு, அவரும் திருநாளில் ஆடினவர் என்பதால், டக்கு டிக்கு டா என்று நடந்துபோய்த் தன் கதிரையில் உட்கார்ந்தார். செருப்புத் தைக்கிறவர் இடது செருப்புகளுக்கெல்லாம் தடித்த அடி போட்டுக் கொடுத்தார். அடி தடித்த அளவுக்குக் கால் இன்னும் இறங்கியது. அவர் ஒரு கிழமை அதோடு மல்லுக்கட்டிவிட்டு, இது தோலுக்குள் அடங்குகிற காரியமில்லை என்று கைவிட்டார். ஆடாமல் மேடையோரம் இருந்து கால்விரலால் மட்டும் தாளம் போட்ட பங்குச் சுவாமியாருக்குக் கால்விரல் மட்டும் அடங்கவில்லை, பூசையில் அப்பத்தை உயர்த்துகிற நேரத்திலும் அது சப்பாத்துக்குள் தட்டிக்கொண்டிருந்தது.

ஊர் கொஞ்ச நாள் வெட்கப்பட்டது, பிறகு பழகிக்கொண்டது. தண்ணீர் அள்ளுகிற பெண்கள் குடத்தை முக்காலுக்கு நிரப்பக் கற்றார்கள். கரைவலை இழுக்கிறவர்கள் அம்பாப்பாட்டை விட்டுவிட்டு அந்த அடிக்கே இழுத்தார்கள், வலை முன்னையைவிடச் சுறுக்காக ஏறியது. காற்பந்துக் குழு அயலூர்களையெல்லாம் தோற்கடித்தது, பந்து எந்தக் காலால் எப்போது வரும் என்று எதிராளிகளுக்குப் பிடிபடவில்லை. பிள்ளையார் கோயில் தேர் அந்த ஆவணியில் ஒருபக்கமாக ஆடி ஆடி வந்தது, பார்க்க வந்த வெளியூர்க்காரர்கள் இது உங்கள் ஊர் முறையா என்று கேட்டார்கள், ஓம் என்றார்கள் ஊர்க்காரர்கள். திருநாளுக்குப் பிறகு காணி அளக்க வந்து தங்கியிருந்த சர்வேயர் ஒருவர், தான் மட்டும் நேராக நடப்பது மரியாதைக் குறைவு என்று தானும் கொஞ்சம் சாய்ந்து நடந்தார்.

இதற்குள் எல்லாருக்கும் ஒன்று தெரிந்துவிட்டது. ஊரிலேயே இப்போது வேகமாக நடக்கிறவள் எமில்டாதான். ஓடைமுனை அந்த நடையை ஆனியில்தான் பழகத் தொடங்கியது, அவளோ நடை பழகிய நாளிலிருந்து அப்படித்தான் நடந்தவள். சந்தைக்குப் போகிறவர்களை, கோயிலுக்குப் போகிறவர்களை, தன் பின்னால் வரிசையாக வந்த அதே பிள்ளைகளை அவள் ஒவ்வொருவராகத் தாண்டிப் போனாள். அவளுக்கு அது இனித்தது. வீட்டுக்கு வந்து தனியே சோறு போட்டுச் சாப்பிடும்போதும் அந்த இனிப்பு நாக்கில் இருந்தது.

சூசைநாதன் ஒருநாள் விந்தி விந்தி வந்து, அம்மா இப்போது சம்மதித்துவிட்டா என்றான்.

"உங்கட கால் இப்பிடி இருக்கு," என்றாள் எமில்டா. "என்ர வீட்டாக்களுக்கு அது ஒரு மாதிரி இருக்கு."

அவளுக்கு வீட்டாட்கள் ஒருவரும் இல்லை என்று அவனுக்கும் தெரியும். போய்விட்டான்.

கடைசியில் கோயில் மூப்பர் சந்தியாப்பிள்ளை நாலு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தார்.

"பிள்ளை, நீ எங்களைச் சபிச்சுப்போட்டாய். நாங்கள் செய்தது பிழைதான். மன்னிச்சு எடுத்துவிடு."

"நான் ஒருத்தரையும் சபிக்கேல்லை. எனக்குச் சபிக்கத் தெரிஞ்சிருந்தா, மூப்பர், ஆனி வரைக்கும் பொறுத்திருப்பனோ?"

அவர் நம்பவில்லை. நம்பாததை அவளும் கண்டாள், அதைப் பயன்படுத்தாமல் விடவும் இல்லை. அவளுடைய நெஞ்சில் ஒரு முள் மிச்சம் இருந்தது: ஊரெல்லாம் விந்தியது, கொழும்பில் பெனடிக் மட்டும் இரண்டு காலாலும் நேராக நடந்து மேடையேறிக்கொண்டிருந்தான். ஏன் என்று அவள் யோசித்திருந்தாள். கோயில் முற்றத்தில் நின்று கேட்டவர்களைத்தான் பாட்டு பிடித்தது. பெனடிக் பாடியிருக்கிறான், ஒருநாளும் கேட்டதில்லை.

"பெனடிக் இங்கை வரவேணும்," என்றாள். "எங்கட கோயில் முற்றத்தில இருந்து அந்தப் பாட்டைக் கேக்கவேணும். அவன் பாடவேண்டாம். வேற ஆள் பாட, அவன் கேக்கவேணும்."

"ஆர் பாடுறது?"

அது அவளுக்கும் தெரிந்திருக்கவில்லை. யார் பாடினாலும் அதே பொய்தானே. உண்மையைச் சொல்லலாம் என்றால் வாக்கு வாயைக் கட்டியிருந்தது.

ஜெசிந்தா மறுநாள் காலையிலேயே வந்தாள். அவள் நேராக நடந்து வந்தாள். ரேடியோவில் அந்தப் பாட்டுப் போகும்போதெல்லாம் சன்னலைச் சாத்திக் காதைப் பொத்திக்கொண்டவள், திருநாள் அன்றைக்கும் பொத்திக்கொண்டுதான் நின்றவள். வந்தவள் கதிரையில் இருக்கவில்லை.

"மிஸ்ஸி, நீங்கள் எனக்குத் தந்த வாக்கை நான் திருப்பித் தாறன்."

"மரியதாஸ்?"

"அவர் ஆடினதைப் பாத்தனான். தன்ர பிள்ளை செத்த பாட்டுக்குச் சிரிச்சுச் சிரிச்சு ஆடினார். தெரியாமல் ஆடினார். அவரை அப்பிடி ஆடவைச்சது நான்தான், தம்பி இல்லை. நான் பாடுறன்."

"உனக்குப் பாட வருமோ?"

"பெனடிக்குக்குப் பாட்டுச் சொல்லிக் குடுத்தது ஆரெண்டு நினைக்கிறீங்கள்?"

ஊர் பெனடிக்குக்குப் பாராட்டு விழா வைத்தது. துள்ளிசை வேந்தன் என்று பட்டம் எழுதி, வாழை கட்டி, பின்னேரம் நாலு மணி வெயிலில் மேளத்தோடு அழைத்துவந்து மேடையில் கதிரையில் இருத்தி, பெரிய மாலை போட்டார்கள். சனமெல்லாம் விந்துவதைப் பார்த்து அவனுக்கு முதலில் ஒரு மாதிரி இருந்தது. தன் பாட்டுக்கு ஊர் காட்டும் மரியாதையாக்கும் என்று பிறகு நினைத்துக்கொண்டான். எமில்டா முன்வரிசையில் இருந்தாள். அவன் கைகூப்பினான், அவள் தலையாட்டினாள்.

அக்கா மேடையேறியபோது அவன் கதிரையை ஒரு பக்கமாக நகர்த்தி இடம் விட்டான். வாத்தியக்காரர்கள் அந்த மெட்டைத் தொடங்கினார்கள். ஜெசிந்தாவின் குரல் அவனுடையதைவிடத் தெளிவாக, அவனுடையதைவிடத் துள்ளலாக இருந்தது, கூட்டம் முதல் அடிக்கே கைதட்டத் தொடங்கியது.

*தம்பி போனான் மிஸ்ஸியைக் கூட்ட, டக்கு டிக்கு டா,*
*வழியில ஒரு பாட்டு மறிச்சுது, டக்கு டிக்கு டா,*
*பாட்டு முடியப் பிள்ளை முடிஞ்சுது, டக்கு டிக்கு டா,*
*இப்பவும் தம்பி வாறான் வாறான்.*

இரண்டாம் முறை அவள் பாடும்போது கைதட்டல் ஒவ்வொன்றாக நின்றது. மூன்றாம் முறைக்கு ஒரு கையும் தட்டவில்லை. பெனடிக் காதைப் பொத்தப் போனான், மாலை தடுத்தது. முதன்முறையாக அவன் தன் மெட்டைக் கேட்டான். மண்டபத்து மேளத்தையும், மழை விட்டிருந்ததையும், கரியரில் இருந்தவள் ஒன்றும் பேசாமல் வந்ததையும் கேட்டான். கதிரையை விட்டு எழும்பினபோது இடதுகால் அவனைக் கைவிட்டது.

கூட்டத்தின் நடுவில் மரியதாஸ் எழும்பினான். அவன் கத்தவில்லை. சனம் வழிவிட்டது. பெனடிக் மேடையின் பின்பக்கத்தால் இறங்கி ஓடினான், மரியதாஸ் பின்னால் ஓடினான். இரண்டு பேருக்கும் ஒரே விந்தல், ஒரே நீள அடி, ஒரே குட்டை அடி, கோயிலை ஒரு சுற்று, இரண்டாம் சுற்று என்று அவர்கள் ஓட ஓட இடைவெளி ஒரு முழம் கூடவுமில்லை, குறையவுமில்லை. நிறுத்தச் சொல்லி ஒருவரும் சொல்லாததால் வாத்தியக்காரர்கள் வாசித்துக்கொண்டே இருந்தார்கள். ஊர் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது, சுவாமியாரின் கால்விரல் தட்டியது, எமில்டா மட்டும் கதிரையில் நிமிர்ந்து இருந்தாள். தன் வாழ்க்கையில் இவ்வளவு நல்ல ஆட்டம் பார்த்ததில்லை என்று அவளுக்குத் தோன்றியது.

பெனடிக் விழுந்தது மேடையால் இறங்கி நின்ற ஜெசிந்தாவின் காலடியில். மரியதாஸ் வந்து அவனுடைய கழுத்தில் கைவைத்தான்.

"விடுங்கோ," என்றாள் ஜெசிந்தா. "செத்தா ஒருக்காத்தான் சாவான். பாடட்டும்."

மரியதாசின் கை இளகவில்லை. அவள் குனிந்து தம்பியிடம் சொன்னாள், மேடையில் பாடிய அதே குரலில், எல்லாருக்கும் கேட்கும்படி.

"நீ போற இடமெல்லாம் சனம் இந்தப் பாட்டைத்தான் கேக்கும். வேற ஒண்டையும் கேக்காது. பாடு. என்ர சொல்லை வைச்சுப் பாடு. இசைத்தட்டையும் அப்பிடியே போடு. ஒரு சொல்லு மாத்தினாய் எண்டு கேள்விப்பட்டா, இவரை நான் மறிக்கமாட்டன்."

அதற்குப் பிறகுதான் மரியதாஸ் கையை எடுத்தான். எடுத்துவிட்டு அங்கேயே மண்ணில் இருந்துகொண்டான். எமில்டாவைப் பார்த்து வாயைத் திறந்தான்.

"எனக்குச் சொல்லவேண்டாம்," என்றாள் எமில்டா. "அவவோட வீட்ட போங்கோ."

இசைத்தட்டுக் கொம்பனிக்காரர்கள் புதுச் சொல்லை ஒரு பகிடி என்று நினைத்துக்கொண்டு பதிந்தார்கள், அது பழையதைவிடக் கூட விற்றது. கண்டியிலும் சென்னையிலும், பிறகு சனம் ஊர்விட்டு ஊர் போன காலத்தில் பாரிசிலும் ரொறன்ரோவிலும் கல்யாண மண்டபங்களில் அதற்கு ஆடினார்கள். அவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை, சொல் உண்மையாக இருந்ததாலோ என்னவோ. பெனடிக் வேறு நல்ல மெட்டுகள் எத்தனையோ போட்டான், ஒன்றையும் ஒருவரும் முழுதாகக் கேட்கவில்லை. இரண்டாம் பாட்டிலேயே பின்வரிசையிலிருந்து கூச்சல் எழும்பும், அவன் விந்தி விந்தி மைக்குக்கு வந்து, தான் பிந்தியதையும் பிள்ளை முடிந்ததையும் பாடுவான், மணப்பெண் உட்பட எல்லாரும் கைதட்டுவார்கள்.

ஓடைமுனைக்குக் கால் திரும்பவில்லை. மூப்பர் மறுபடியும் வந்தார்.

"நீ சொன்னதெல்லாம் செய்தமே, பிள்ளை."

"செய்தால் கால் வரும் எண்டு நான் எப்ப சொன்னனான்?"

ஆடினவர்கள் சாகும்வரை அப்படியே நடந்தார்கள். அதற்குப் பிறகு பிறந்த பிள்ளைகள் நேராக நடந்தன. நடக்கப் பழகிய கையோடு அவை முற்றத்தில் ஒன்றன்பின் ஒன்றாக நின்று, அப்பாவைப் போல, அம்மாவைப் போல இழுத்து நடந்து காட்டிச் சிரித்தன, தாய்தகப்பன்மார் ஈர்க்கில் எடுத்துக்கொண்டு விரட்டினார்கள், பிடிக்க முடியவில்லை. அந்தப் பிள்ளைகளையும் எமில்டாதான் பிறப்பித்தாள். ஒரு வீட்டுக்கும் அவள் பிந்திப்போகவில்லை.

வயதாகி வேலையை விட்ட பிறகு அவளுக்கும் ஜெசிந்தாவுக்கும் ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்களில் ஒரு வழக்கம் இருந்தது. பழைய பாட்டுகளுக்கான நேயர் விருப்பத்தில் அறிவிப்பாளர் வாரம் தவறாமல் "ஓடைமுனையிலிருந்து எமில்டா" என்று வாசிப்பார், பெனடிக்கின் குரல் வரும், இருவரும் மீன்குழம்பும் சோறும் சாப்பிட்டபடி கடைசி அடிவரைக்கும் கேட்பார்கள். கொழும்பில் பெனடிக்கின் வீட்டில் அந்த நேரம் ரேடியோவைப் பூட்டிவைத்தாலும் பக்கத்து வீட்டு ரேடியோ பாடும் என்று அவர்களுக்குத் தெரியும்.

புதிதாக வந்த இளம் சுவாமியார் ஒருவர் பாவசங்கீர்த்தனத்தில் இதைக் கேட்டுவிட்டு மெதுவாகச் சொன்னார்.

"எமில்டாம்மா, இவ்வளவு வருஷமாச்சு. மன்னிக்கக்கூடாதா?"

"மன்னிக்கிறதெண்டா அது ஜெசிந்தாவின்ர விஷயம், சுவாமி. அவவைக் கேளுங்கோ. எனக்கு வாரத்துக்கு ஒருக்கா ரேடியோவுக்குத் தபாலட்டை எழுதுறதுதான்."

சுவாமியார் பெருமூச்சு விட்டு, பரிகாரமாகச் செபமாலை முழுவதும் சொல்லும்படி பணித்தார். அவள் மாதாவுக்கு முன்னால் முழங்கால் மடியாத குறைக்கு வாங்கில் இருந்து, ஒரு மணியையும் விடாமல், பக்தியோடுதான் சொல்லி முடித்தாள். அன்று சனிக்கிழமை, தபால் கந்தோரை மத்தியானத்தோடு பூட்டிவிடுவார்கள். அவள் எழும்பி, சீலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு, வெயிலில் இறங்கி வேகமாக நடந்தாள்.